துருயீதர்களை அழித்தது யார்?

கற்பனை உலகக் கதை எழுதுகிறவர்களிடம் ஒரு பொது வழக்கத்தைப் பார்க்கிறேன். முன்னொரு காலத்தில் ஞானிகளின் கூட்டம் ஒன்று இருந்தது. வரப்போவது அவர்களுக்குத் தெரியும். அரசர்கள் அவர்களைக் கேட்டுத்தான் போருக்குப் போவார்கள். ஒரு நாள் கொடுங்கோலன் ஒருவன் அத்தனை பேரையும் வெட்டிச் சாய்த்தான். ஒன்றிரண்டு பேர் தப்பி, காட்டிலோ பாலைவனத்திலோ ஒளிந்துகொண்டார்கள். கதை அங்கே தொடங்கும். 2005-இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்தில் ஜெடாய்கள் முடிந்தது இப்படித்தான். என் பேரன் படிக்கிற தலையணை அளவு ஆங்கில நாவல்களிலும் பெயர்தான் மாறுகிறது, சாவு ஒன்றுதான். சாப்பிடும்போது அவன் கதையைச் சொல்வான், நான் கேட்டுக்கொண்டிருப்பேன்.

கதைக்கு அது நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எனக்கு ஓர் ஆட்சேபணை உண்டு. இந்தக் கதைகளுக்கெல்லாம் பாட்டனாரைப் போன்ற ஒரு கூட்டம் ஐரோப்பாவில் உண்மையிலேயே இருந்தது, உண்மையிலேயே மறைந்தது. அவர்கள் இப்படி மறையவில்லை. அவர்கள் மறைந்த விதம் வாளும் நெருப்பும் உள்ள கதையைவிடப் பயங்கரமானது என்பது என் கட்சி. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

பிரெஞ்சில் அவர்களை 'துருயீத்' என்பார்கள், ஆங்கிலத்தில் 'ட்ரூயிட்'. நான் துருயீதர் என்று எழுதுகிறேன். இன்றைய பிரான்ஸ், பெல்ஜியம் இருக்கும் நிலத்துக்கு ரோமானியர் வைத்த பெயர் கோல் நாடு. அங்கே வாழ்ந்த கெல்ட்டிய இனக்குழுக்களைக் கோலுவாக்கள் என்று சொல்வோம். அவர்களுடைய குருமார்கள்தான் துருயீதர். புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்த எங்கள் தலைமுறைக்கு இந்தப் பெயர்கள் புதிதல்ல. பாரீசில் அச்சான சரித்திரப் புத்தகம் கோலுவாக்களை எங்கள் முன்னோர்கள் என்றே சொல்லித் தொடங்கும். கறுத்த பிள்ளைகள் நாற்பது பேர் அதை ராகம் போட்டு வாசிப்போம். வெள்ளை அங்கி, நீண்ட தாடி, கையில் தங்க அரிவாள், கருவாலி மரத்தின் மேல் ஏறி நிற்கும் கிழவர் படம் ஒன்றும் அதில் உண்டு.

அந்தப் படம் மூத்த பிளினி என்ற ரோமானியர் எழுதிய ஒரே ஒரு பத்தியிலிருந்து வந்தது. வெசூவியஸ் எரிமலை வெடித்தபோது, கி.பி. 79-இல் இறந்தாரே, அவர்தான். கருவாலி மரத்தில் ஒட்டி வளரும் புல்லுருவியைத் துருயீதர் ஆறாம் பிறையில் தங்க அரிவாளால் அறுப்பார்கள், கீழே வெள்ளைத் துணி ஏந்திப் பிடிப்பார்கள், இரண்டு வெள்ளைக் காளைகளைப் பலியிடுவார்கள் என்று எழுதினார். இந்த ஒரு பத்தியை வைத்துக்கொண்டு இரண்டாயிரம் ஆண்டாக ஓவியமும் நாடகமும் சினிமாவும் ஓடுகின்றன.

அவர்களைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி ஜூலியஸ் சீசர் எழுதியது. கோல் நாட்டைப் பிடித்த படைத்தலைவன், பிடித்த நாட்டைப் பற்றி எழுதிய அறிக்கை. எதிர்க்கட்சிக்காரர் எழுதிய மனுவை வாசிப்பது போல வாசிக்க வேண்டும். இருந்தாலும் சீசருக்கு அலுவலகப் புத்தி உண்டு. யாருக்கு என்ன அதிகாரம், என்ன சலுகை என்று வரிசையாகச் சொல்லிவிடுவார். அவர் சொல்வது இது: கொலை, வாரிசுரிமை, எல்லைத் தகராறு எல்லாவற்றுக்கும் தீர்ப்புச் சொல்வது துருயீதர். தீர்ப்புக்குக் கட்டுப்படாதவனைப் பலியிலிருந்து விலக்கிவைப்பார்கள்; அதற்குமேல் தண்டனை கிடையாது, ஊரே அவனை ஒதுக்கிவிடும். ஆண்டுக்கு ஒருமுறை கார்னூத்தர் என்ற குழுவின் நிலத்தில், நாட்டின் நடுமையம் என்று கருதப்பட்ட இடத்தில், எல்லோரும் கூடுவார்கள். ஆன்மா சாவதில்லை, ஓர் உடலிலிருந்து இன்னொன்றுக்குப் போகிறது என்று கற்பிப்பார்கள். விண்மீன்களின் ஓட்டம், உலகத்தின் அளவு பற்றியும் பேசுவார்கள். அவர்களுக்கு வரி கிடையாது, படைச் சேவை கிடையாது.

படிப்பு முழுக்க மனப்பாடம். செய்யுள் செய்யுளாகக் கற்க வேண்டும். சிலர் இருபது ஆண்டுகள் வரை படிப்பார்களாம். மற்ற கணக்கு வழக்குகளுக்குக் கிரேக்க எழுத்தைப் பயன்படுத்தினாலும், தங்கள் வித்தையை எழுத மாட்டார்கள். வெளியே போய்விடக்கூடாது என்பது ஒரு காரணம், எழுத்தை நம்பினால் மாணவனுக்கு நினைவு மழுங்கும் என்பது இன்னொன்று என்று சீசர் ஊகிக்கிறார்.

எல்லோரும் இருபது ஆண்டுப் படிப்பையே பிடித்துக்கொள்கிறார்கள். எனக்கு அதே இடத்தில் சீசர் போகிற போக்கில் சொல்லும் இன்னொரு விஷயம்தான் முக்கியமாகப் படுகிறது. இத்தனை சலுகைகள் இருப்பதால் பலர் தாமாகவே இந்தப் படிப்புக்கு வருகிறார்கள், பலரைப் பெற்றோரும் சுற்றத்தாரும் அனுப்பிவைக்கிறார்கள் என்கிறார். பையனுக்கு வரி இல்லை, சண்டைக்குப் போக வேண்டாம், ஊரில் நீதிபதி மரியாதை. எந்த அப்பன் வேண்டாம் என்பான்? ஞானத்துக்காக வந்தவர்களும் இருந்திருப்பார்கள். ஆனால் ஒரு பெரிய நிறுவனத்தைத் தலைமுறை தலைமுறையாக ஓட்டிச் செல்வது ஞானத் தாகம் அல்ல, பெற்றோரின் கணக்கு. முப்பது வருஷத்துக்கு மேல் அரசாங்க அலுவலகத்தில் உட்கார்ந்து, பிள்ளைகளின் சான்றிதழ்களோடு வரிசையில் நின்ற தகப்பன்மார்களைப் பார்த்த எனக்கு இதில் சந்தேகமே இல்லை.

இனி அழிவுக்கு வருகிறேன். ஆணைகளைப் பொறுத்தவரை கோப்பு தெளிவாகவே இருக்கிறது. ரோமானியக் குடியுரிமை பெற்றவர்கள் துருயீத சமயத்தில் சேரக்கூடாது என்று அகஸ்டஸ் தடுத்தார். திபேரியஸ் காலத்தில் துருயீதரும் அந்த வகைக் குறிசொல்லிகளும் மருத்துவர்களும் ஒழிக்கப்பட்டார்கள் என்கிறார் பிளினி. இல்லை, முற்றாக ஒழித்தவர் கிளாடியஸ் என்கிறார் சூட்டோனியஸ். ஒரே கூட்டத்தை இரண்டு பேரரசர்கள் முற்றாக ஒழித்ததாக எழுதப்பட்டிருந்தால், முதல் ஆணை வேலை செய்யவில்லை என்றுதான் குமாஸ்தா படித்துக்கொள்வான். அந்த நாட்களில் எழுதிய பொம்போனியஸ் மேலா, அவர்கள் குகையிலும் ஒதுக்குப்புறக் காடுகளிலும் உயர்குடிப் பிள்ளைகளுக்கு இரகசியமாகக் கற்பிக்கிறார்கள் என்கிறார்.

தடைக்குச் சொன்ன காரணம் நரபலி. கோலுவாக்கள் நரபலி கொடுத்தார்கள் என்று சீசரும் மற்றவர்களும் எழுதுகிறார்கள். நான் அவர்களுக்காக வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் இதே ரோமானியர், கி.மு. 216-இல் ஹானிபாலிடம் தோற்ற பயத்தில், கோலுவா ஆணும் பெண்ணுமாக ஒரு ஜோடியையும் கிரேக்க ஜோடி ஒன்றையும் தங்கள் சந்தை மைதானத்தில் உயிரோடு புதைத்தவர்கள். நரபலி கூடாது என்று அவர்களுடைய செனட் தீர்மானம் போட்டதே கி.மு. 97-இல்தான். இன்னொரு சம்பவத்தையும் பிளினி சொல்கிறார். துருயீதர் மதித்த 'பாம்பு முட்டை' என்ற தாயத்து ஒன்று உண்டு, வழக்கில் வெற்றி தரும் என்று நம்பிக்கை. கோல் நாட்டுக்காரர் ஒருவர், ரோமானியக் குதிரைவீர வகுப்பைச் சேர்ந்தவர், விசாரணையின்போது அதை மடியில் வைத்திருந்தார் என்பதற்காகவே கிளாடியஸ் அவரைக் கொன்றாராம். நம் ஊர் நீதிமன்றங்களில் மடியில் விபூதிப் பொட்டலம் வைத்திருப்பவர்களைப் பிடித்தால் வழக்குப் போட ஆள் மிஞ்சமாட்டார்கள்.

சினிமாக்காரர்களுக்குப் பிடித்த காட்சியும் ஒன்று இருக்கிறது. கி.பி. 60 வாக்கில், வேல்ஸ் கரையை ஒட்டிய மோனா தீவின் மேல், இப்போது ஆங்கில்சீ என்கிறார்கள், ரோமானியப் படை இறங்கியது. கரையில் கறுப்பு உடுத்திய பெண்கள் தீவட்டியோடு ஓட, துருயீதர் வானத்தைப் பார்த்துக் கையை உயர்த்திச் சாபம் இட, படைவீரர்கள் கொஞ்ச நேரம் மரத்துப்போய் நின்றார்கள், பிறகு வெட்டினார்கள், புனித மரக்கூட்டங்களைச் சாய்த்தார்கள் என்று டாசிடஸ் எழுதியிருக்கிறார். நம் கதைக்காரர்கள் எல்லோரும் நிற்கிற இடம் இந்தக் கடற்கரைதான்.

ஆனால் அது ஒரு தீவு, பிரிட்டன் பக்கத்துத் தீவு. கோல் நாடு முழுவதும் இருந்த துருயீதர் எங்கே போனார்கள்? அங்கே ஊர் ஊராகப் படை போய்க் குருமார்களை வெட்டியதாக யாரும் எழுதிவைக்கவில்லை. அப்படி நடந்திருந்தால் டாசிடஸ் விட்டிருக்க மாட்டார்.

இதற்குப் பதில் தேட ஒரே ஒரு இனக்குழுவைப் பின்தொடர்ந்தால் போதும். ஈதுயர் என்று பெயர், இன்றைய பர்கண்டிப் பகுதி. அவர்களின் தலைவர்களில் ஒருவர் திவிசியாகஸ். சீசரின் நண்பர். தம்பி துரோகம் செய்தபோதும் அவனை மன்னிக்கும்படி அழுது கெஞ்சிக் காப்பாற்றியவர். சீசர் புத்தகத்தில் அவர் முழுக்க அரசியல்வாதியாகவே வருகிறார். ஆனால் சிசரோ கி.மு. 44-இல் குறி, நிமித்தம் பற்றி எழுதிய நூலில், உரையாடலில் அவர் தம்பி பேசும் இடத்தில், தங்கள் வீட்டு விருந்தினராக இருந்த திவிசியாகஸ் ஒரு துருயீதர், இயற்கையின் இயல்பை அறிந்தவர் என்று சொல்லிக்கொண்டார், சகுனத்தாலும் ஊகத்தாலும் வருவதைச் சொல்வார் என்று போட்டு உடைக்கிறார். அந்தக் காலத்தில் பெயரோடு நமக்குத் தெரிந்த ஒரே துருயீதர் இவர்தான். நீண்ட தாடியும் தங்க அரிவாளும் இல்லை. குதிரை ஏறி, ரோமாபுரி போய், செனட்டில் உதவி கேட்டு, பெரிய மனிதர் வீட்டில் தங்கியவர். சீசர் அவரோடு வருஷக்கணக்கில் பழகியும் அவரைத் துருயீதர் என்று ஓரிடத்திலும் எழுதவில்லை. ஏன் என்று யோசித்திருக்கிறேன். தன் நண்பன் ஒரு குறிசொல்லி என்று ரோமாபுரியில் தெரிவது சீசருக்குப் பிடித்திருக்காது. இது என் ஊகம்தான்.

திவிசியாகஸின் மக்களுக்குப் பிறகு என்ன ஆயிற்று? அவர்களுடைய பழைய தலைநகரம் பிப்ராக்தே, மலை மேல் இருந்தது. அகஸ்டஸ் காலத்தில் சமவெளியில் புது நகரம் கட்டி அங்கே இறங்கிவிட்டார்கள். அகஸ்டஸ் பெயரையே வைத்தார்கள், இன்றைய ஓத்தான். கி.மு. 12-இல் லியோன் நகரில், இரண்டு ஆறுகள் கூடும் இடத்தில், பேரரசரை வழிபடப் பலிபீடம் திறந்தபோது அதற்கு முதல் பூசாரியாக நியமிக்கப்பட்டவரும் ஓர் ஈதுயர். பெயர் கையஸ் ஜூலியஸ் வெர்கொந்தாரிதுப்னஸ். முன்பாதி சீசர் குடும்பப் பெயர், பின்பாதி பாட்டன் மொழி. எங்கள் புதுச்சேரியில் 1881-ஆம் ஆண்டு ஆணைப்படி தங்கள் வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்றுக்கொண்டவர்களை 'ரெனோன்சான்' என்போம். அப்போது குடும்பப் பெயர் எடுத்தவர்களின் வீட்டுப் பெயர்ப்பலகைகளைப் பார்த்து வளர்ந்த எனக்கு, இந்த வெர்கொந்தாரிதுப்னஸ் பக்கத்துத் தெருக்காரராகவே தெரிகிறார்.

கி.பி. 21-இல் அந்த ஓத்தானில் சக்ரோவிர் என்ற ஈதுயர் தலைவன் ரோமுக்கு எதிராகக் கலகம் செய்தான். ஊரைப் பிடித்ததும் அவன் முதலில் கைவைத்த இடம் கஜானா அல்ல. பள்ளிக்கூடம். கோல் நாட்டு உயர்குடிப் பிள்ளைகள் அங்கே ரோமானியப் படிப்புப் படித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களைப் பிடித்துவைத்துக்கொண்டால் பெற்றோரும் சுற்றத்தாரும் தன் பக்கம் வந்துதீர வேண்டும் என்று நினைத்தான். டாசிடஸ் இதை எழுதுகிறார்.

பிரெஞ்சு மொழிபெயர்ப்பில் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தேன். சீசர் புத்தகத்தில் பிள்ளைகளைத் துருயீதரிடம் அனுப்பிய பெற்றோரும் சுற்றத்தாரும், டாசிடஸ் புத்தகத்தில் லத்தீன் பள்ளிக்கு அனுப்பிவிட்டிருக்கிறார்கள். இடையில் சுமார் எழுபத்தைந்து ஆண்டுகள். மூன்று தலைமுறை. யாரும் யாரையும் வெட்டவில்லை. நீதி சொல்லும் அதிகாரம் ரோமானிய ஆளுநரிடம் போய்விட்டது. எல்லைத் தகராறுக்கு இனித் துருயீதரிடம் போய்ப் பயன் இல்லை. வரிவிலக்கைத் தருவதும் மறுப்பதும் ரோமின் கையில். காட்டில் இருபது வருஷம் செய்யுள் படித்துவிட்டு வருகிற பையனுக்கு வேலை இல்லை, லத்தீன் படித்தவனுக்கு இருக்கிறது. அப்பன் தன் பழைய கணக்கையே மறுபடி போட்டான். விடைதான் வேறாக வந்தது.

கி.பி. 48-இல் கிளாடியஸ் பேரரசர் செனட்டில் எழுந்து, கோல் நாட்டுப் பெரிய மனிதர்களுக்கும் இந்தச் சபையில் இடம் கொடுக்க வேண்டும் என்று நீண்ட உரை ஆற்றினார். அந்த இடம் முதலில் யாருக்குக் கிடைத்தது தெரியுமா? ஈதுயருக்கு. துருயீதரை ஒழித்தார் என்று சூட்டோனியஸ் சொல்லும் அதே கிளாடியஸ்தான். பிறந்ததும் லியோனில். ஒரு கையால் தடை ஆணை, மறு கையால் நாற்காலி. எனக்குக் கேட்டால், தடை ஆணையைப் போட்டிருக்கவே வேண்டாம். நாற்காலி ஒன்றே போதும்.

என் தகப்பனார் என்னைப் பிரெஞ்சு வழிப் பள்ளியில் சேர்த்தபோதும் எவரும் கத்தியைக் காட்டவில்லை. பிரெஞ்சு படித்த சொந்தக்காரர்கள் சைகோனில் வேலை பார்த்து ஓய்வூதியத்தோடு திரும்பி வந்து மாடி வீடு கட்டியிருந்தார்கள், அதை அவர் பார்த்தார், அவ்வளவுதான். என் தாத்தாவுக்கு மாட்டு வைத்தியம் தெரியும். எந்த இலை, எந்தப் பருவம், எவ்வளவு என்று பாட்டாகவே மனத்தில் வைத்திருந்தார். வெளியூரிலிருந்தும் மாட்டை ஓட்டிக்கொண்டு வருவார்கள். திண்ணையில் அவர் அதைச் சொல்லும்போது நான் உள்ளே விளக்கடியில் இருப்பேன். எனக்கு வீட்டுப்பாடம் இருந்தது. சீசரை எதிர்த்த வெர்சன்ஜெத்தோரிக்ஸ் என்ற கோலுவா வீரன் கி.மு. 52-இல் அலேசியாவில் சரணடைந்தது பற்றிப் பத்து வரி பிரெஞ்சில் எழுத வேண்டும். தாத்தா போனார், பாட்டும் போயிற்று. அந்தப் பிரெஞ்சு எனக்குச் சோறு போட்டது, அதை மறுக்க மாட்டேன். தகப்பனார் செய்தது தவறென்றும் சொல்ல மாட்டேன். அவர் இடத்தில் இருந்த எவரும் அதையே செய்திருப்பார்கள். அதனால்தான் இதைப் பயங்கரம் என்கிறேன். வாளோடு வருகிறவனை எதிர்த்து நிற்கலாம். நம் பிள்ளையின் நல்லதுக்கு என்று வருவதை எப்படி எதிர்ப்பது?

எழுதிவைக்காததால் அழிந்தார்கள் என்று சிலர் எளிதாகச் சொல்லிவிடுவார்கள். நான் ஒப்பமாட்டேன். எழுதாமலேயே வேதம் நம் நாட்டில் ஆயிரக்கணக்கான ஆண்டுகள் ஓர் எழுத்து பிசகாமல் நின்றது. சொல்லை முன்னும் பின்னுமாகப் பின்னி ஓதும் முறைகளை வைத்து நினைவுக்கே பூட்டுப் போட்டிருந்தார்கள். நினைவு பலவீனமான பெட்டி அல்ல. அந்தப் பெட்டியைச் சுமக்கிறவனுக்கு ஊரில் சோறும் மரியாதையும் இருந்தது, அதனால் நின்றது. இங்கேயும் ஆங்கிலப் பள்ளி வந்தபின் பாடசாலைகளுக்குப் பிள்ளைகள் வருவது எப்படிக் குறைந்தது என்பது வாசகர்களுக்குத் தெரிந்த கதைதான்.

துருயீதர் எழுதியிருந்தால் பேர் மிஞ்சியிருக்கும், அது உண்மை. எழுதாததன் விளைவு, அந்த வெற்றிடத்தில் யார் வேண்டுமானாலும் குடியேறினார்கள். 18-ஆம் நூற்றாண்டில் வில்லியம் ஸ்டக்லி என்பவர் இங்கிலாந்தின் ஸ்டோன்ஹெஞ்ச் கற்களைத் துருயீதர் கோயில் என்று எழுதினார். அந்தப் பெரிய கற்கள் நட்டு இரண்டாயிரம் ஆண்டு கழித்துத்தான் துருயீதர் பற்றிய பேச்சே ஏடுகளில் வருகிறது. போகட்டும், அவர் நம்பி எழுதினார். அடுத்து வந்தவர் அப்படி இல்லை. வேல்ஸ் நாட்டுக் கல்தச்சர் எட்வர்ட் வில்லியம்ஸ், அயோலோ மோர்கானுக் என்று புனைபெயர். நல்ல கவிஞர், பழஞ்சுவடிகளில் பெரும் புலமை, அபின் மருந்துக்கு அடிமை. துருயீதர் காலத்திலிருந்து அறாமல் வந்த சடங்கு இது என்று சொல்லி, 1792-இல் லண்டனில் ஒரு குன்றின் மேல் கல் வட்டம் அமைத்துக் கூட்டம் நடத்தினார். சடங்கு அவரே செய்தது. ஆதாரமாகக் காட்டிய சுவடிகளில் பலவும் அவர் கைவண்ணம். வெகுகாலம் கழித்துத்தான் வெளுத்தது. வேல்ஸின் தேசியக் கலைவிழாவில் அந்தச் சடங்கு இன்றும் நடக்கிறது, பார்க்க அழகாகவும் இருக்கிறது. தாய்மொழி மேல் இருந்த பாசத்தில் செய்தார் என்று அவருக்காகப் பரிந்து பேசுகிறவர்கள் உண்டு. என்னால் முடியாது. போலி நகலை அசல் கோப்பில் சேர்த்தவனைப் பாசக்காரன் என்று எந்த அலுவலகத்திலும் விட்டதில்லை. அசல் சுவடியைப் பார்க்கும்போதும் இதில் அவர் கை பட்டதோ என்று சந்தேகப்பட வைத்துவிட்டாரே!

இவர்களைவிட எனக்கு 1959-இல் பாரீசில் தொடங்கிய ஒரு படக்கதை மேல் மரியாதை அதிகம். கொசினியும் உதெர்சோவும் படைத்த ஆஸ்டரிக்ஸ். அதில் வரும் துருயீதர் பனோராமிக்ஸ், பெயரிலேயே நாலாபக்கமும் பார்ப்பவர். வெள்ளைத் தாடி, தங்க அரிவாள், ஒரு அண்டா நிறைய வீரமருந்து. எல்லாம் பொய், பொய் என்று சொல்லியே தருகிறார்கள். ஆனாலும் அந்தப் பொய்க்குள் விவரம் இருக்கிறது. 1972-இல் வந்த 'குறிசொல்லி' என்ற கதையைப் பாருங்கள். துருயீதர் வருடாந்தரக் கூட்டத்துக்காகக் கார்னூத்தர் காட்டுக்குப் போயிருக்கிறார், அது சீசர் சொன்ன கூட்டமேதான். ஞானி ஊரில் இல்லாத நேரம் பார்த்து, இடிமழை இரவில், எத்தன் ஒருவன் வந்து குறி சொல்லத் தொடங்குகிறான். ஊரே அவன் பின்னால் போகிறது. அவனவன் கேட்க ஆசைப்பட்டதை அவனவனுக்குச் சொல்கிறான், அவ்வளவுதான் வித்தை. ரோமானிய முகாமுக்கோ, குறிசொல்லிகளைப் பிடிக்கச் சொல்லி ஆணை வந்திருக்கிறது. அவனைப் பிடித்துவைத்து, நீ உண்மையான குறிசொல்லிதானா என்று சோதிக்கிறார்கள். உண்மையானவன் என்றால்தான் சிறை! அரசாங்க ஆணையை அமல்படுத்தியவர்களுக்குத்தான் இந்தச் சிரிப்பின் ருசி முழுதாகத் தெரியும்.

2018-இல் வந்த திரைப்படத்தில் பனோராமிக்ஸ் புல்லுருவி பறிக்கும்போது மரத்திலிருந்து விழுந்து காலை உடைத்துக்கொள்கிறார். வயதாகிவிட்டது, மருந்தின் இரகசியத்தை யாரிடமாவது ஒப்படைக்க வேண்டும் என்று இளம் துருயீதர்களைத் தேடி நாடு முழுக்க அலைகிறார். பேரனோடு உட்கார்ந்து பார்த்தேன். அவன் சிரித்துக்கொண்டே இருந்தான். எனக்கு அந்தக் கிழவரின் அலைச்சல் வேடிக்கையாக இல்லை. அந்தக் கற்பனைக் கிராமத்தில் தேட இளைஞர்களாவது இருந்தார்கள். அங்கே ஓத்தான் பள்ளியின் கிளை திறக்கவில்லை.

லியோன் நகரத்து ரோமானிய அருங்காட்சியகத்தில் இரண்டு வெண்கலத் தகடுகள் இருக்கின்றன. ஒன்று கிளாடியஸ் செனட்டில் பேசிய அந்த உரை, அழகான லத்தீன் எழுத்தில் வெட்டியது, 1528-இல் கிடைத்தது. இன்னொன்று 1897-இல் கொலிஞி என்ற ஊரில் துண்டு துண்டாகக் கிடைத்த ஒரு பஞ்சாங்கம். எழுத்து லத்தீன், மொழி கோலுவாக்களுடையது. சந்திர மாதங்கள், ஒவ்வொரு மாதமும் நல்லதா அல்லதா என்று குறிப்பு, ஐந்து ஆண்டுக்கு 62 மாதம், அதில் இரண்டு அதிக மாதம். நம் வேதாங்க சோதிடத்திலும் ஐந்தாண்டு யுகத்துக்கு 62 மாதம்தான். உடனே உறவு கொண்டாட வேண்டாம். நிலவையும் சூரியனையும் கணக்கில் இணைக்கப் பார்த்தால் எவனுக்கும் ஏறக்குறைய இந்த எண்தான் வரும். துருயீதர் மனத்தில் வைத்திருந்த வான்கணக்கில் ஒரு கீற்று இது என்று அறிஞர்கள் பலர் கருதுகிறார்கள். கி.பி. 2-ஆம் நூற்றாண்டு என்று காலம் சொல்கிறார்கள். எழுதமாட்டோம் என்றவர்களின் வித்தையை யாரோ ஒருவர் கடைசியில் வெண்கலத்தில் வெட்டியிருக்கிறார். ஓதிக் கேட்க ஆள் இல்லாமல் போனபிறகு.

4-ஆம் நூற்றாண்டில் போர்தோ நகரத்தில் ஔசோனியஸ் என்ற கவிஞர் தன் ஊர் ஆசிரியர்களைப் பற்றிக் கவிதைகள் எழுதினார். அதில் ஃபீபிசியஸ் என்ற கிழவர் ஒருவர் வருகிறார். பிரெத்தாஞ் பகுதியில் துருயீதர் வம்சத்தில் பிறந்தவர். பெலெனஸ் என்ற பழைய கோலுவா தெய்வத்தின் கோயிலில் காவலராக இருந்தார், அதில் வருமானம் ஒன்றும் இல்லை. பிறகு மகன் முயற்சி எடுத்து அவருக்குப் போர்தோவில் ஆசிரியர் வேலை வாங்கிக் கொடுத்தான். அவர் சொல்லிக்கொடுத்த பாடம் லத்தீன் இலக்கணம்.